கால்மாட்டிலிருந்து தலைமாட்டுக்கு

கட்டிலின் கால்மாட்டில் நிற்கிறாள் அந்தப் பெண். நர்சிங் மாணவி. சீருடையின் இஸ்திரி மடிப்பு இன்னும் கலையவில்லை. பாக்கெட்டில் நீலம், கறுப்பு, சிவப்பு என்று மூன்று பேனா. ட்யூட்டர் மேடம் கேட்டதும் புற்றுநோயின் ஏழு எச்சரிக்கை அறிகுறிகளையும் ஒப்பிக்கிறாள்: ஆறாத புண், காரணமில்லாத ரத்தப்போக்கு, மார்பிலோ வேறிடத்திலோ கட்டி, விழுங்கச் சிரமம், மலசலப் பழக்கத்தில் மாற்றம், மச்சத்தில் மாற்றம், விடாத இருமல். ஒன்றும் விட்டுப்போகவில்லை.

"ஒட்டுமா?"

"ஒட்டாது மேடம்."

மேடம் திருப்தியாக அடுத்த மாணவியிடம் போய்விடுகிறார்.

அந்தப் பதில் இன்னும் அவள் கைக்கு வந்து சேரவில்லை. வார்டை விட்டு வந்ததும் குழாயடியில் முழங்கை வரை சோப்புப் போடுகிறாள். கழுவி முடித்துக் கையை உதறிவிட்டு, மறுபடியும் முதலிலிருந்து தொடங்குகிறாள். தோழி நீட்டிய முறுக்கை வேண்டாம் என்கிறாள். தன் டிபன் பையை வார்டு வாசலிலிருந்து எடுத்துக்கொண்டு போய் மாடிப்படிக்குக் கீழே வைக்கிறாள். பரீட்சையில் எழுதினால் முழு மார்க் வாங்கும் பதில்தான்; ஆனால் கை வேறொரு பதிலை எழுதிக்கொண்டிருக்கிறது.

இதையெல்லாம் பார்க்க வாகான இடம் பெஞ்சு. துணைக்கு வந்தவர்களை ஆஸ்பத்திரியில் யாரும் கவனிப்பதில்லை. மருந்துச் சீட்டு கொடுத்தால் ஓட வேண்டும், கையெழுத்துக்குக் கூப்பிட்டால் போக வேண்டும். மற்ற நேரமெல்லாம் சும்மா இருக்கலாம். பெரியம்மாவுக்கு மார்பில் வந்த புண்ணுக்குக் கட்டு மாற்ற அவரோடு திண்டுக்கல் டவுனுக்கு வந்துபோன நாட்களில் எனக்கு வாய்த்தது அந்தப் பெஞ்சுதான். வேடசந்தூர் பக்கத்து மில்லில் இரவு ஷிப்டு முடித்து அப்படியே பஸ் ஏறியவர்கள், நிலக்கோட்டைப் பக்கம் விடியுமுன் மல்லி பறித்துக் கொடுத்துவிட்டு வந்தவர்கள், சின்னாளபட்டியிலிருந்து மாமியாரைக் கைத்தாங்கலாக அழைத்து வந்தவர்கள் என்று பக்கத்தில் ஆள் மாறிக்கொண்டே இருக்கும். எல்லார் மடியிலும் ஒரு மஞ்சப்பை, அதில் ஸ்கேன் கவர், ஒரு தண்ணீர்ப் பாட்டில்.

பெரிய சிஸ்டர் என்று எல்லாரும் கூப்பிடும் ஸ்டாப் நர்ஸ் ஒருவர் அங்கே உண்டு. ஓய்வுக்கு அதிக வருஷம் இல்லை. முழங்கால் வலி. நடந்தால் இடப்பக்கம் லேசாகச் சாய்வார். அவர் ட்ரே எடுத்து வருகிற விதத்திலேயே ஒரு பாடம் இருந்தது. முதலில் ட்ரே வராது, ஸ்டூல் வரும். நோயாளியின் தலைமாட்டில் ஸ்டூலைப் போட்டு, முழங்காலைப் பிடித்துக்கொண்டு உட்காருவார். "ராத்திரி தூங்குனீங்களாம்மா?" என்று கேட்பார். பதில் முழுசாக வரும்வரை எழுந்திருக்க மாட்டார். ட்ரே அதற்கப்புறம்தான்.

புரையோடிய மார்புப் புண்ணில் முதலில் ஆளைத் தள்ளி வைப்பது அதன் நாற்றம். பெரியம்மாவின் சொந்தத் தங்கை மகளே வாசல்படியில் நின்று நலம் விசாரித்துவிட்டுப் போனது அதனால்தான். அந்த மாணவியும் கால்மாட்டில் நின்றது அதனால்தான். மாஸ்க்குக்கு மேல் இன்னொரு மாஸ்க். மூச்சை அடக்கிப் பிடித்திருப்பது தோளில் தெரிந்தது.

பெரிய சிஸ்டர் அவளைத் திட்டவில்லை. மூச்சை விடு என்றும் சொல்லவில்லை. மெட்ரோனிடசோல் மாத்திரைகளைக் கையில் கொடுத்து, "இதப் பொடி பண்ணு. மாவு மாதிரி இருக்கணும், திப்பி இருக்கக் கூடாது" என்றார். அவ்வளவுதான். அவள் பொடித்தாள். இதற்கிடையில் பெரிய சிஸ்டர் பழைய கட்டின் மேல் சலைனை ஊற்றி ஊறவிட்டார். காய்ந்து ஒட்டிய காஸை அப்படியே இழுத்தால் ரத்தம் வரும், உயிர் போகிற வலி வரும்; ஊறவிட்டால் தானாகக் கழன்று வரும். ஊறுகிற நேரத்தில் பேரன் பேத்தி கதை. புண்ணைக் கழுவி, மாணவி பொடித்த மருந்தைத் தூவச் சொன்னார். தூவ வேண்டுமென்றால் கிட்டே வர வேண்டும். வந்தாள்.

"எதுக்கு இந்தப் பொடி, தெரியுமா?"

"இன்பெக்‌ஷனுக்கு அக்கா."

"அதுல வளர்ற ஒரு மாதிரி கிருமிதான் இந்த வாடைக்குக் காரணம். அதக் கொன்னா வாடை குறையும். ரெண்டு மூணு நாள்ல பாரு."

குறைந்தது. முதலில் அதைக் கண்டுபிடித்தவள் அந்த மாணவிதான். "அம்மா, இன்னைக்கு வாடையே இல்லம்மா" என்று பெரியம்மாவிடம் சத்தமாகச் சொல்லிவிட்டு, சொன்னது தப்போ என்று நாக்கைக் கடித்துக்கொண்டாள். பெரியம்மா சிரித்தார். அந்த வாரம் அவள் கட்டிலின் பக்கவாட்டுக்கு வந்திருந்தாள். ஒரு மாஸ்க்தான்.

நர்ஸுக்குப் பாடம் நடத்துகிறவர்கள் இரக்கத்தைப் பற்றி நிறையப் பேசுகிறார்கள். வெள்ளை உடுப்பு, விளக்கேந்திய சீமாட்டி, சேவை மனப்பான்மை. பெஞ்சிலிருந்து பார்த்த எனக்குத் தோன்றியது வேறு. அந்தப் பெண்ணிடம் இரக்கத்துக்குக் குறைவில்லை. வந்த முதல் நாளே கண் கலங்கியவள்தான். இரக்கம் அவளைக் கால்மாட்டிலேயேதான் நிற்க வைத்தது. செய்வதற்கு ஒரு வேலையும், அது எதற்கென்ற அறிவும், செய்தால் பலன் உண்டென்ற அனுபவமும் சேர்ந்தபோதுதான் அவள் நகர்ந்து வந்தாள். கை ஓய்ந்திருக்கும் இடத்தில்தான் பயம் குடியேறுகிறது.

இதை அளந்து பார்த்தவர்களும் இருக்கிறார்கள். அமெரிக்காவில் கேத்ரின் ஃப்ரோமெல்ட் என்பவர், சாகும் தறுவாயில் இருப்பவர்களைப் பராமரிப்பது பற்றி நர்ஸ்களின் மனப்போக்கை அளக்க 30 வாக்கியங்கள் கொண்ட ஓர் அளவுகோலை உருவாக்கினார். மரணம் பற்றிய ஒரு கல்வித் திட்டத்துக்கு முன்னும் பின்னும் நர்ஸ்களை அதில் பதில் சொல்ல வைத்தார். படிப்புக்குப் பின் மனப்போக்கு மேம்பட்டிருந்தது என்று 1991இல் எழுதினார். உலகம் முழுக்க இன்றும் நர்சிங் கல்லூரிகளில் அந்த 30 வாக்கியங்கள்தான் புழங்குகின்றன. காகிதத்தில் டிக் அடிப்பதை அந்த அளவுகோல் காட்டும். குழாயடியில் எத்தனை முறை சோப்புப் போடுகிறாள் என்பதை ஒரு பெஞ்சு போட்டு உட்கார்ந்துதான் பார்க்க வேண்டும்.

மார்பின் மாத்திரை வந்தபோது இன்னொரு பயம் வெளியே வந்தது. பூட்டிய அலமாரி, தனி ரிஜிஸ்டர், எண்ணி எடுத்து எண்ணி எழுதுகிற முறை எல்லாம் சேர்ந்து அந்தச் சின்ன மாத்திரைக்கு ஒரு குற்றவாளியின் களையைக் கொடுத்துவிடுகின்றன. 1985இன் போதைப்பொருள் சட்டம் வந்தபின் மார்பின் வைத்திருப்பதே பெரும்பாடாகி, நாட்டின் பல ஆஸ்பத்திரிகள் அதை வாங்குவதையே விட்டுவிட்டன. அந்தக் காலத்தில் படித்து வந்த நர்ஸ்கள் மார்பினைப் புத்தகத்தில்தான் பார்த்திருப்பார்கள். 2014இல் சட்டம் திருத்தப்பட்டு லைசென்ஸ் தொல்லை குறைந்தது. சட்டம் திருந்தியது, மனசு திருந்த அதைவிட நாளாகிறது.

"அடிமையாயிர மாட்டாங்களா அக்கா?" என்று மாணவி கேட்டாள்.

"வலிக்குக் குடுக்குற அளவுல, டாக்டர் எழுதுன கணக்குல குடுத்தா பயப்பட வேண்டாம். மலச்சிக்கல் வரும், அதுக்கு மாத்திரை சேத்தே குடுக்கணும். அத மறந்துறாத" என்றார் பெரிய சிஸ்டர். பிறகு, "நாலு மணி நேரத்துக்கு ஒண்ணுன்னா நாலு மணி நேரம்தான். வலிக்குதுன்னு அவுங்க சொன்னப்புறம் ஓடாத. சொல்ல விடவே கூடாது" என்றார்.

கடிகாரம் பார்த்து வலி மருந்து கொடுக்கும் இந்த முறையை உலகுக்கு நிலைநாட்டிக் காட்டிய சிசிலி சாண்டர்ஸ் நர்ஸாகத்தான் தொடங்கினார். முதுகுவலியால் அந்த வேலையை விட நேர்ந்தது. மருத்துவ சமூகப் பணியாளராகி, அதன்பின் டாக்டருக்குப் படித்து, 1967இல் லண்டனில் செயின்ட் கிறிஸ்டோபர்ஸ் காப்பகத்தைத் திறந்தார். நோயாளியின் பக்கத்திலேயே இரவெல்லாம் இருக்கும் ஓர் ஆளுக்குத்தான் வலி எந்த மணிக்குத் திரும்பி வருகிறதென்று தெரியும். அந்த ஆள் நர்ஸ். நம் பக்கத்தில் 1993இல் கோழிக்கோட்டில் டாக்டர் எம்.ஆர். ராஜகோபாலும் நண்பர்களும் தொடங்கிய வலி நிவாரண இயக்கம் இதே பாடத்தைக் கேரளத்து வீடு வீடாகக் கொண்டுபோனது. இந்திய நர்சிங் கவுன்சில் 2021இல் திருத்திய பி.எஸ்சி. பாடத்திட்டத்தில் வலி தணிப்புப் பராமரிப்பு ஒரு கட்டாயப் பகுதியாகவே சேர்ந்துவிட்டது. தடித்த மெடிக்கல் சர்ஜிக்கல் புத்தகத்தில் கேன்சர் பாடத்தோடு நின்றுபோன தலைமுறைக்கும் இந்த மாணவியின் தலைமுறைக்கும் உள்ள வித்தியாசம் இது.

வராண்டாவில் ஒரு மகன். முப்பது வயதிருக்கும். பெரிய சிஸ்டரைத் தனியாகக் கூப்பிட்டான். "அம்மாட்ட சொல்லிராதீங்க சிஸ்டர். வயித்துல புண்ணுனுதான் சொல்லிருக்கோம். தெரிஞ்சா அன்னைக்கே போய்ச் சேந்துரும்."

பெரிய சிஸ்டர் சரி என்றும் சொல்லவில்லை, முடியாது என்றும் சொல்லவில்லை. "நானா சொல்ல மாட்டேன் தம்பி. அவங்களாக் கேட்டா பொய்யும் சொல்ல மாட்டேன்" என்றார். உள்ளே போய் ஸ்டூலைப் போட்டார். அந்த அம்மாளிடம், "உங்க ஒடம்புக்கு என்னன்னு நீங்க நெனைக்கிறீங்கம்மா?" என்று கேட்டார்.

"எனக்குத் தெரியாதாக்கும்? மதுரைக்குக் கரண்டு வைக்கக் கூட்டிட்டுப் போனப்பவே தெரிஞ்சு போச்சு. அங்க வந்திருந்ததெல்லாம் யாருன்னு நான் பாக்கலையா? மகன் மனசு தாங்காது. அதான் கேக்காம இருக்கேன்."

மகனை உள்ளே கூப்பிட்டார்கள். என்ன பேசினார்கள் என்பது பெஞ்சுக்குக் கேட்கவில்லை. கொஞ்ச நேரத்தில் அந்த அம்மாளின் குரல் மட்டும் உரக்க வந்தது: "சரி சரி, அழுவாத. அந்தக் கிணத்துக்காட்டுப் பத்திரத்த மொதல்ல ஓம் பேருக்கு மாத்தணும். நாளைக்கே போய் ஆளப் பாரு." நோய் என்னவென்று தெரிந்தால் உயிர் போய்விடும் என்று மகன் பயந்தான். அம்மாவுக்கோ முடிக்க வேண்டிய வேலை இருந்தது. பழைய பழக்கமாக இருந்திருந்தால், "எல்லாம் சரியாப் போயிரும்மா" என்று சொல்லிவிட்டு நர்ஸ் அடுத்த கட்டிலுக்குப் போயிருப்பார். நீங்கள் என்ன நினைக்கிறீர்கள் என்று நோயாளியையே முதலில் கேட்பது, பயிற்சி வகுப்பில் கற்றுக்கொடுக்கப்படும் ஒரு முறை. குணத்தால் வருவதென்று நாம் நினைக்கிற பலதும் இப்படிக் கற்று வந்தவைதான்.

வார்டுக்கு எதிர்ப்புறம் இன்னொரு அறை. அங்கே இருக்கும் நர்ஸ் கேன்சரைப் பார்க்கும் விதம் வேறு. கதவுக்கு உள்ளே திரைச்சீலை. வெளியே மேஜை மேல் அவர் ட்ரேயை அடுக்கும்போது பார்க்கலாம்: ஸ்பெகுலம், பஞ்சுருண்டைகள், ஒரு கிண்ணம், நல்ல வெளிச்சம் தரும் விளக்கு, பாட்டிலில் அசிட்டிக் அமிலம். சமையலறை வினிகரில் இருக்கும் அதே சரக்கு. கருப்பைவாயில் அதைத் தடவி ஒரு நிமிடம் காத்திருந்தால், கெடத் தொடங்கியிருக்கும் இடம் வெள்ளையாகத் தெரியும். அந்த செல்களில் உட்கரு பெருத்து, புரதம் அதிகமாக இருக்கும். அமிலம் பட்டால் அது உறைந்து வெளுக்கும். லேப் வேண்டாம், மைக்ரோஸ்கோப் வேண்டாம், ரிப்போர்ட்டுக்கு வாரக்கணக்கில் காத்திருக்க வேண்டாம். வேண்டியது பழகிய கண். வீக்கத்தால் வெளுத்த இடத்தையும், இயல்பாகவே வெளுக்கிற இடத்தையும், பயப்பட வேண்டிய வெளுப்பையும் பிரித்துப் பார்க்கத் தெரிந்த கண்.

அந்தக் கண்ணை நர்ஸுக்குப் பழக்க முடியுமா, பழக்கினால் உயிர் பிழைக்குமா என்ற கேள்விக்கு உலகத்துக்கு விடை கிடைத்தது இந்தத் திண்டுக்கல் மாவட்டத்தில்தான். இந்த ஊர்க்காரர்களுக்கே அது பெரும்பாலும் தெரியாது. பூட்டையும் பிரியாணியையும் சொல்வோம். இதைச் சொல்ல மாட்டோம்.

ஒட்டன்சத்திரத்தில் 1955இல் டாக்டர் ஏ.கே. தரியனும் டாக்டர் ஜேக்கப் செரியனும் கிறிஸ்தவ ஐக்கிய மருத்துவமனையைத் தொடங்கினார்கள். பக்கத்து அம்பிளிக்கையில் ஜேக்கப் செரியன் வளர்த்த சமூக சுகாதார மையம் கிராமம் கிராமமாகப் போய்ப் புற்றுநோயாளிகளைப் பதிவு செய்தது. அந்தப் பதிவேட்டில் கருப்பைவாய்ப் புற்றுநோய் மிக அதிகமாக இருந்தது. பிரான்சின் லியோன் நகரில் உள்ள சர்வதேசப் புற்றுநோய் ஆய்வு நிறுவனத்தைச் சேர்ந்த டாக்டர் ஆர். சங்கரநாராயணன், அம்பிளிக்கை மையத்தோடும் அடையாறு புற்றுநோய் நிறுவனத்தோடும் சேர்ந்து 2000இல் ஆய்வைத் தொடங்கினார். மாவட்டத்தில் 114 பகுதிகளை எடுத்துக்கொண்டார்கள். குலுக்கல் முறையில் 57 பகுதிகளில் நர்ஸ்கள் இந்த வினிகர் பரிசோதனையைச் செய்வது. மற்ற 57 பகுதிகளில் வழக்கமாக உள்ள வசதி மட்டும். 30 முதல் 59 வயது வரையிலான பெண்கள்.

நர்ஸ்களுக்குப் பயிற்சி கொடுத்தார்கள். பரிசோதனையோடு நிற்கவில்லை. உருப்பெருக்கிக் கருவியால் பார்ப்பது, சதைத் துணுக்கு எடுப்பது, கெட்ட இடத்தைக் கடுங்குளிரால் உறைய வைத்து அழிக்கும் கிரையோதெரபி வரை நர்ஸ்களே செய்யக் கற்றார்கள். டாக்டர் கையை எதிர்பார்த்துக் கருவி எடுத்து நீட்டும் வேலையாக இருந்தது, பார்த்து, முடிவு செய்து, சிகிச்சையும் செய்யும் வேலையாக மாறியது. 49,311 பெண்களில் 31,343 பேர் பரிசோதனைக்கு வந்தார்கள். 3,088 பேருக்கு வெளுப்பு தெரிந்தது. 2006 வரை தொடர்ந்து கணக்கெடுத்தார்கள். பரிசோதனை நடந்த பகுதிகளில் கருப்பைவாய்ப் புற்றுநோய் வருவது 25 சதவீதம் குறைந்திருந்தது. அதனால் சாவது 35 சதவீதம் குறைந்திருந்தது. 2007 ஆகஸ்டில் லான்செட் இதழில் அந்த முடிவு வந்தது. நல்ல பயிற்சியும் தொடர்ந்த தரக் கண்காணிப்பும் இருந்தால் இந்த முறை பலன் தரும் என்று அதில் எழுதியிருந்தார்கள். முன்வைத்த நிபந்தனை இரண்டுமே படிப்பு சம்பந்தப்பட்டது.

அதில் ஒரு முள்ளும் உண்டு. ஒப்பிட்டுப் பார்க்க ஒதுக்கிய பகுதிகளில் 30,958 பெண்கள் இருந்தார்கள். அவர்களுக்குப் பரிசோதனை இல்லை. அவர்களில் 92 பேர் கருப்பைவாய்ப் புற்றுநோயால் இறந்தார்கள். பலன் இருக்குமென்று ஊகிக்க முடிந்த ஒன்றை ஒரு பகுதியினருக்குக் கொடுக்காமல் வைத்துப் பார்த்தது முறையா என்று பின்னால் உலக அளவில் கேள்வி எழுந்தது. நாட்டில் யாருக்குமே பரிசோதனை இல்லாத நிலைதான் அன்றைய வழக்கம் என்பது ஆய்வாளர்கள் தரப்பு. இரண்டையும் சேர்த்தேதான் இந்தக் கதையைச் சொல்ல வேண்டும்.

நர்ஸின் மனப்போக்குக்கும் இதற்கும் என்ன சம்பந்தம்? வார்டு நர்ஸ் பார்ப்பது கடைசிக் கட்டத்தை. ரத்தப்போக்கு, நாற்றம், சிறுநீரகம் செயலிழந்து வரும் மயக்கம். குணமாகிப் போனவர்கள் வார்டுக்குத் திரும்பி வருவதில்லை. முற்றியவர்கள்தான் மறுபடி மறுபடி வருகிறார்கள். அதனால் "கேன்சர் வந்தா அவ்வளவுதான்" என்ற முடிவுக்கு நர்ஸ் வருவது அறியாமையால் அல்ல, கண்ணால் கண்டதால். எதிர் அறை நர்ஸ் பார்ப்பதோ அதே நோயின் முதல் கட்டத்தை, அது நோயாவதற்குப் பல வருஷம் முன்பே. அவர் கையாலேயே அது நின்றுபோகிறது. ஒரே நோய், எதிரெதிர் அறை, இரண்டு நம்பிக்கை. மாணவிகளை வார்டுக்கு மட்டும் அனுப்பி வைத்தால் ஒரு நம்பிக்கையோடுதான் வெளியே வருவார்கள். அந்த ட்யூட்டர் மேடம் இதை உணர்ந்தவர். காலையில் வார்டு, மதியம் எதிர் அறை என்று போட்டிருந்தார்.

அரசும் இந்த வழியைப் பிடித்துக்கொண்டது. 2007இல் தமிழ்நாடு சுகாதாரத் திட்டம் தஞ்சாவூரிலும் பக்கத்துத் தேனியிலும் முன்னோட்டமாக இந்தப் பரிசோதனையைத் தொடங்கியது. பிறகு மாநிலம் முழுக்க ஆரம்ப சுகாதார நிலைய ஸ்டாப் நர்ஸ்கள் கைக்கு வந்தது. 2021 ஆகஸ்டில் வந்த மக்களைத் தேடி மருத்துவம் திட்டத்தில் வலி தணிப்பு நர்ஸ் வீட்டுக்கே வருகிறார். அடுத்த ஆண்டு திண்டுக்கல்லில் அரசு மருத்துவக் கல்லூரியும் திறந்தது. அமைப்பு என்று பார்த்தால் குறையொன்றுமில்லை போலத் தோன்றும். வராண்டாவில் நர்ஸ்கள் பேசிக்கொள்வதைக் கேட்டால் குறை தெரியும். பயிற்சி முடித்து வந்தவரை அடுத்த மாதம் பிரசவ வார்டுக்கு மாற்றிவிடுவார்கள். ஒப்பந்தத்தில் சேர்ந்தவர் கைக்குப் பழகும்போது வேறு வேலை கிடைத்துப் போய்விடுவார். கண் பழகியவர் ஒரு இடத்தில், ட்ரே ஒரு இடத்தில்.

ஒருநாள் நர்ஸ்களுக்கே பயிற்சி. ஹாலில் மின்விசிறி சத்தம், ஏசி வேலை செய்யவில்லை என்பதால் கதவு திறந்திருந்தது. வெளியூரிலிருந்து வந்திருந்த பயிற்சியாளர் அம்மா ஸ்லைடுகளை ஓட்டிக்கொண்டே வந்து நடுவில் நிறுத்தினார்.

"இங்க முப்பது வயசுக்கு மேல எத்தனை பேர் இருக்கீங்க?"

பாதிக்கு மேல் கை தூக்கினார்கள்.

"அதுல எத்தனை பேர் இந்த டெஸ்ட் பண்ணிக்கிட்டீங்க?"

தூக்கிய கைகள் இறங்கின. ஒன்றிரண்டு மட்டும் நின்றன. கொஞ்சம் சிரிப்பு, கொஞ்சம் பேனாவைத் தேடுதல். "எனக்கு ஒண்ணும் தொந்தரவு இல்லையே மேடம்" என்றார் ஒருவர். எதிர் அறைக்கு வெளியே மல்லி பறிக்கிற பெண்கள் சொல்வதும் இதே வாக்கியம்தான், எழுத்துப் பிசகாமல். நர்ஸ்களுக்கு அது காதில் விழுந்துவிட்டது போல, சிரிப்பு நின்றது.

பெரிய சிஸ்டர் எழுந்தார். பேசுவாரென்று பார்த்தால், நேரே நடந்து எதிர் அறைத் திரைக்குள் போனார். வெளியே வந்தபோது எல்லாரும் அவர் முகத்தையே பார்த்தார்கள். "வலியெல்லாம் இல்ல. இரும்புதான் சில்லுனு இருக்கு. படுக்கிறப்ப ஒரு போர்வை வேணும்டி. இத்தன வருஷமா யாரும் சொல்லலையே" என்றார். அன்று மதியம் அறை நர்ஸ் ஒரு போர்வை கொண்டுவந்து வைத்தார். ஸ்பெகுலத்தை வெந்நீரில் வைத்து எடுக்கத் தொடங்கினார். சாயங்காலத்துக்குள் இன்னும் சில ஸ்டாப் நர்ஸ்கள் திரைக்குள் போய் வந்தார்கள். பாடப் புத்தகம் சொல்லித் தராததை அந்தப் படுக்கையில் படுத்து எழுந்தவர் கற்றுக்கொண்டு வந்தார்.

மாணவிகளின் கேன்சர் போஸ்டிங் முடிகிற வாரம். பெரியம்மா கட்டிலுக்குத் தலைமாட்டில் அந்தப் பெண் ஸ்டூலில் உட்கார்ந்திருந்தாள். சலைன் ஊறிக்கொண்டிருந்தது. கல்யாணம் வேண்டாம், முதலில் கடனை அடைக்க வேண்டும் என்று பெரியம்மாவிடம் சொல்லிக்கொண்டிருந்தாள். பெரியம்மா கடனுக்கு யோசனை சொல்லிக்கொண்டிருந்தார். கட்டு முடித்து வந்து ஒரே தடவை கை கழுவினாள். டிபன் பை மேஜையில் இருந்தது.

மதியம் எதிர் அறை நர்ஸ் அவளைக் கூப்பிட்டுப் பெரிய நோட்டு ஒன்றைக் காட்டினார். வெளுப்பு தெரிந்து, மேல் பரிசோதனைக்கு வரச் சொல்லி அனுப்பியும் வராதவர்களின் பட்டியல். அம்பிளிக்கை ஆய்வில், அவ்வளவு ஆளும் வண்டியும் கண்காணிப்பும் இருந்தும், புற்றுக்கு முந்தைய மாற்றம் இருந்த 1,874 பெண்களில் 72 சதவீதம் பேருக்குத்தான் சிகிச்சை நடந்தது. மீதிப் பேருக்கு நடக்கவில்லை. களையெடுப்பு, ஷிப்டு, பிள்ளைக்குப் பரீட்சை, கூட வர ஆளில்லை, புருஷன் விடவில்லை. வெளுப்பைக் கண்டுபிடிக்கக் கண் போதும். இந்த மீதிப் பேரைக் கொண்டுவர வேறொன்று வேண்டும். அது எந்தப் பாடத்திட்டத்திலும் இல்லை.

"நீயே பேசு" என்று போனைக் கொடுத்தார் நர்ஸ். மாணவி எண்ணைப் போட்டாள். எடுத்தது ஆண் குரல். யாரு, என்ன, எதுக்கு என்று கேட்டது. நோயின் பெயரை அவள் சொல்லவில்லை. அது அந்த அம்மாளிடம் மட்டும் சொல்ல வேண்டியது என்று கற்றிருந்தாள். அக்காவிடம் கொடுங்கள் என்றாள். அக்கா தோட்டத்தில் என்றது குரல். பூ சீசன் முடியட்டும், பார்க்கலாம் என்றது. மாணவி நர்ஸைப் பார்த்தாள். நர்ஸ் காலண்டரைக் காட்டினார்.

"பூ எடுத்துட்டு எத்தன மணிக்கு வீட்டுக்கு வருவாங்கண்ணே? ... சரி, அப்ப நான் ஒன்பது மணிக்கு மறுபடி கூப்பிடுறேன், அக்காட்டயே பேசிக்கிறேன். வியாழக்கிழமை வரச் சொல்லுங்க. வரிசைல நிக்க வேண்டாம், நேரா இங்க வரட்டும். பன்னெண்டு மணி பஸ்ஸுக்கு அனுப்பி வச்சிர்றோம். கூலி போகாதுண்ணே."

அந்தப் பக்கம் கொஞ்சம் யோசனை. பிறகு ஏதோ சொன்னது. மாணவி நோட்டில் அந்தப் பெயருக்கு நேரே வியாழன் என்று சிவப்புப் பேனாவால் எழுதிவிட்டு, அடுத்த எண்ணைப் போட்டாள்.